கதிரை திரும்பியது, ராஜா திரும்பவில்லை

கலேவெலயிலிருந்து கொழும்புக்குப் பிள்ளைகளைச் சுற்றுலா கூட்டிக்கொண்டு போவதென்றால் விடியற்காலை நாலு மணிக்கே சந்தியில் பஸ் நிற்க வேண்டும். அந்த நேரத்தில் வீதி முழுக்கத் தம்புள்ளையிலிருந்து இறங்கும் மரக்கறி லொறிகள்தான். சிவப்பு வலைப் பையில் கட்டிய வெங்காய மூட்டைகளை அடுக்கிக்கொண்டு ஒன்றன்பின் ஒன்றாகக் குருநாகல் பக்கம் போகும். பஸ் மெல்சிரிபுரவைத் தாண்டுவதற்குள் பிள்ளைகளில் பாதிப்பேர் தூங்கிவிடுவார்கள். கொழும்பு வந்ததும் எல்லோருக்கும் தெஹிவளை மிருகக்காட்சிசாலைக்கு முதலில் போக வேண்டும். அதற்கு முன் ஒரு மணித்தியாலமாவது தேசிய நூதனசாலைக்குள் அவர்களைக் கொண்டுபோய்விட வேண்டும் என்று நான் ஒவ்வொரு முறையும் பாடுபடுவேன்.

அப்படிப் போன ஒரு நாள். கண்டி மன்னரின் சிம்மாசனம் வைத்திருக்கும் கண்ணாடிப் பெட்டிக்கு முன்னால் எட்டாம் தரத்துப் பிள்ளைகள் நெருக்கிக்கொண்டு நின்றார்கள். பொன் தகடு, சிவப்பு வெல்வெட், கைப்பிடியில் சிங்கம். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு முன்வரிசையில் நின்ற ஒரு பிள்ளை கேட்டாள்.

"சேர், ராஜா எங்க?"

"வேலூர்ல இருக்கார், மகள்."

"அது எங்க?"

"இந்தியாவுல."

"கதிரை இங்கதானே இருக்கு? அவர் ஏன் அங்க போனார்?"

நான் சொன்ன பதில் இரண்டு நிமிடத்தில் முடிந்துவிட்டது. ஆனால் அந்தப் பிள்ளைக்கு நான் சரியாகப் பதில் சொல்லவில்லை என்ற எண்ணம் திரும்பி வரும்போது பஸ்ஸில் முழு வழியும் இருந்தது. இது அவளுக்காக எழுதுகிறேன்.

அவள் 'சிம்மாசனம்' என்று சொல்லவில்லை, 'கதிரை' என்றாள். வீட்டில் நாம் சொல்லும் சொல் அதுதான். தமிழ்நாட்டில் நாற்காலி, நமக்குக் கதிரை. அது போர்த்துக்கேயர் நாவிலிருந்து நம் நாவுக்கு வந்த சொல். அவர்கள் பேச்சில் அது 'கதெய்ரா'. கரையோரத்தைப் போர்த்துக்கேயர் பிடித்திருந்த காலத்தில் வந்து ஒட்டிக்கொண்டது, அவர்கள் போன பிறகும் போகவில்லை. அவர்களைத் துரத்திவிட்டு வந்தவர்கள் ஒல்லாந்தர். இந்தச் சிம்மாசனத்தைக் கண்டிக்குக் கொடுத்தவர்கள் அவர்கள். ஒல்லாந்தரைத் துரத்திவிட்டு வந்தவர்கள் ஆங்கிலேயர். இதைத் தூக்கிக்கொண்டு போனவர்கள் அவர்கள். பெயர் ஒருவரிடமிருந்து, பொருள் இன்னொருவரிடமிருந்து, பறிகொடுத்தது மூன்றாமவரிடம். கடைசியாக இதில் உட்கார்ந்திருந்தவரோ தமிழ்நாட்டுக் குடும்பத்துப் பிள்ளை. இலங்கையின் முந்நூறு வருடச் சரித்திரத்தை ஒரு தளபாடத்தில் காட்டச் சொன்னால் நான் இதைத்தான் காட்டுவேன்.

1693இல் ஒல்லாந்த ஆளுநர் தோமஸ் வான் றீ இதைக் கண்டி மன்னர் இரண்டாம் விமலதர்மசூரியனுக்கு அன்பளிப்பாக அனுப்பினார். ஒல்லாந்தருக்குக் கறுவாப்பட்டை வேண்டும். மலைநாட்டு மன்னரைச் சமாதானப்படுத்தி வைத்தால்தான் கரையில் வியாபாரம் நடக்கும். அதனால் வருடந்தோறும் தூதுவர்களும் பரிசுகளும் கண்டிக்கு ஏறிக்கொண்டிருந்த காலம் அது. வந்த பரிசுகளில் இது நிலைத்து நின்றது.

கிட்ட நின்று பார்த்தால் ஐரோப்பியக் கை இருப்பது தெரியும். அந்தக் காலத்துப் பிரெஞ்சு அரண்மனைக் கதிரைகளின் சாயல் உயர்ந்த முதுகுப் பலகையில் இருக்கிறது. ஆனால் கண்ணில் முதலில் படுவது நம் பக்கத்துச் சங்கதிகள். உள்ளே மரச்சட்டம், மேலே முழுக்க மெல்லிய பொன் தகடு, தகட்டில் பூவும் கொடியுமாகப் புடைப்பு வேலை, இடையிடையே மணிக்கற்கள். முதுகின் உச்சியில் கதிர் விரித்த சூரியன். சூரிய குலத்தவர் என்று சொல்லிக்கொண்ட மன்னர்களுக்கு அது குலச்சின்னம். இரண்டு கைப்பிடிகளிலும் சிங்கங்கள். அவற்றின் கண்கள் செவ்வந்திக் கற்கள், துப்பாக்கிக் குண்டைவிடக் கொஞ்சம் பெரியவை. வெளிச்சம் ஒரு பக்கமாக விழும்போது அந்த ஊதா நிறம் உயிரோடு இருப்பதுபோலத் தெரியும். பிள்ளைகள் எல்லோரும் முதலில் விரல் நீட்டிக் காட்டுவது அந்தக் கண்களைத்தான். முன்னால் கால் வைக்க ஒரு மணை. உட்கார்ந்தவர் பாதம் தரையில் படக்கூடாது என்பது முறை.

அந்தக் காலத்தில் இந்தக் கண்களைக் கண்டி அரண்மனையில் பார்ப்பது லேசான காரியமாக இருக்கவில்லை. 1762இல் சென்னைப்பட்டணத்திலிருந்து ஆங்கிலேயக் கம்பெனி அனுப்பிய தூதுவர் ஜோன் பைபஸ் கண்டிக்கு வந்தார். அப்போது ஆண்டவர் கீர்த்தி ஸ்ரீ ராஜசிங்கன். பைபஸ் எழுதிவைத்த குறிப்பில் அந்தச் சந்திப்பின் முறை முழுவதும் இருக்கிறது. நீண்ட மண்டபம், ஒன்றன்பின் ஒன்றாகத் திரைச்சீலைகள். திரை விலக விலகத் தூதுவர் முழங்காலிட்டு வணங்கி முன்னேற வேண்டும். கொண்டுவந்த கடிதத்தை வெள்ளித் தட்டில் வைத்து ஏந்திக்கொண்டே போக வேண்டும். கடைசித் திரைக்கு அப்பால், தரையிலிருந்து உயர்த்தி வைத்த கதிரையில் மன்னர். கப்பல் கப்பலாகப் பீரங்கி வைத்திருந்த கம்பெனியின் ஆள் அந்த மண்டபத்தில் முழங்காலில் நின்றார் என்பதை நான் வகுப்பில் சொல்லும்போதெல்லாம் பிள்ளைகள் நிமிர்ந்து உட்காருவார்கள்.

அந்தக் கீர்த்தி ஸ்ரீயை நாம் தினமும் கடந்துபோகிறோம் என்று சொல்லலாம். கலேவெலயிலிருந்து அரைமணி நேர பஸ் பயணத்தில் தம்புள்ளை. குகை விகாரையின் மூன்றாவது குகையான மகா அலுத் விகாரையில் அவருடைய சிலை நிற்கிறது. அந்தக் குகையைச் செய்வித்தவரே அவர்தான். அவர் மதுரை நாயக்கர் வழியில் வந்தவர். 1739இல் நரேந்திரசிங்கன் பட்டத்து வாரிசு இல்லாமல் இறந்தபோது, அவருடைய மதுரைப் பட்டத்து ராணியின் தம்பி ஸ்ரீ விஜய ராஜசிங்கன் என்ற பெயரில் கண்டி அரசரானார். அங்கிருந்து நான்கு மன்னர்கள், எழுபத்தாறு வருடம். வீட்டில் தமிழும் தெலுங்கும் பேசியவர்கள், சபையில் சிங்களம் பேசி, தலதா மாளிகைக்குக் காவலாக இருந்து, பௌத்த விகாரைகளைக் கட்டிய மன்னர்கள். இன்றைக்கு இதைச் சொன்னால் இரண்டு பக்கத்திலும் சிலருக்குக் கஷ்டமாக இருக்கிறது. ஆனால் நடந்தது அதுதான், தம்புள்ளைக் குகையில் சிலையாக நிற்கிறது.

நான்காமவர்தான் அந்தப் பிள்ளை கேட்ட ராஜா. பிள்ளைப் பெயர் கண்ணுசாமி. 1798இல் ராஜாதி ராஜசிங்கன் இறந்ததும், முதலமைச்சராக இருந்த பிலிமத்தலாவ அதிகார், பதினெட்டு வயதுப் பையனைத் தேடிப்பிடித்துச் சிம்மாசனத்தில் வைத்தார். பையன் சொன்னபடி கேட்பான் என்ற கணக்கு. ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன் கேட்கவில்லை. பிறகு நடந்தவை எல்லாம் இரத்தம். பிலிமத்தலாவ தலையிழந்தார். 1814இல் எஹெலபொல அதிகார் ஆங்கிலேயரிடம் ஓடியபோது அவருடைய மனைவியும் சின்னஞ்சிறு பிள்ளைகளும் கண்டியில் கொல்லப்பட்டார்கள். அதை மறைத்துவிட்டு இந்த மன்னரைப் பற்றிப் பேச எனக்கு மனம் வரவில்லை. அந்தக் கொலைகளுக்குப் பிறகு கண்டிப் பிரதானிகள் ஒருவர்கூட அவருக்காக வாள் எடுக்கவில்லை. 1815 பெப்ரவரி 14 ஆங்கிலேயப் படை கண்டிக்குள் நுழைந்தது. 18ஆம் திகதி மெதமகாநுவரப் பக்கம் ஒளிந்திருந்த மன்னரைப் பிடித்தார்கள். பிடித்தவர்கள் கண்டிச் சனங்களே. கொடியால் கட்டி இழுத்தார்கள். ராணி வெங்கட ரங்கம்மாளின் காதணியைப் பிடுங்கியதில் காது கிழிந்து இரத்தம் படிந்த துணி கண்டி நூதனசாலையில் இன்றும் இருக்கிறது.

இப்போதுதான் என் மாணவியின் கேள்விக்கு வருகிறேன். அவர் ஏன் அங்கே போனார்? முடியைத் துறந்துவிட்டா போனார்?

தமிழில் 'முடிதுறத்தல்' என்று ஒரு சொல் வைத்திருக்கிறோம். அதற்கு நாம் கொடுத்திருக்கும் மரியாதை பெரியது. காட்டுக்குப் போன ராமன், கிடைத்த சிம்மாசனத்தில் தான் ஏறாமல் அண்ணனின் பாதுகையை ஏற்றிய பரதன், அண்ணன் ஆளட்டும் என்று துறவு பூண்டதாகச் சொல்லப்படும் இளங்கோ. சிங்கள மரபிலும் இதற்கு ஒரு பெரிய பெயர் உண்டு, சிறிசங்கபோ. மூன்றாம் நூற்றாண்டில் அநுராதபுரத்தில் ஆண்டவர். தன் அமைச்சன் கோதாபயன் படையோடு வருகிறான் என்று தெரிந்ததும், தன் ஒருவனுக்காக மற்றவர் சாக வேண்டாம் என்று தண்ணீர் வடிகட்டியை மட்டும் கையில் எடுத்துக்கொண்டு நகரைவிட்டு இறங்கிப்போனார் என்று மகாவம்சம் சொல்கிறது. அத்தனகல்லைக்குப் போனால் அவர் நினைவு இன்றும் வணங்கப்படுவதைப் பார்க்கலாம்.

நம் மாத்தளைக்கே இதில் ஒரு பங்கு உண்டு. கண்டி மன்னர் செனரத் முதுமையில், தான் இருக்கும்போதே ராஜ்ஜியத்தைப் பிரித்துக் கொடுத்தார். மூன்று பிள்ளைகளுக்கு மூன்று பங்கு. ஊவா ஒருவனுக்கு, மாத்தளை விஜயபாலனுக்கு, கண்டியைச் சூழ்ந்த மேல்நாடு இளையவனுக்கு. அந்த இளையவன்தான் இரண்டாம் ராஜசிங்கன். தகப்பன் அமைதியாக ஒதுங்கினார், பிள்ளைகள் அமைதியாக இருக்கவில்லை. மாத்தளை விஜயபாலன் தம்பியோடு மோதித் தோற்று, போர்த்துக்கேயரிடம் தஞ்சம் புகுந்து, கடைசியில் கோவாவில் கண் மூடினான். அதற்கு முந்திய தலைமுறையில் கோட்டை மன்னன் தர்மபாலன் 1580இல் தன் ராஜ்ஜியம் முழுவதையும் போர்த்துக்கல் மன்னருக்கு உறுதி எழுதிக் கொடுத்திருந்தான். அதுவும் ஒருவகை முடிதுறப்பு. சனங்களைக் கேட்காமல் செய்தது.

ஸ்ரீ விக்கிரமர் இதில் எதுவும் செய்யவில்லை. காட்டுக்கும் போகவில்லை, பிரித்தும் கொடுக்கவில்லை, எழுதியும் கொடுக்கவில்லை. 1815 மார்ச் 2ஆம் திகதி கண்டி மகுல் மடுவ மண்டபத்தில் வாசிக்கப்பட்ட உடன்படிக்கையில் அவருடைய ஒப்பம் கிடையாது. ஆளுநர் பிரவுன்றிக் ஒரு பக்கம், கண்டிப் பிரதானிகள் மறுபக்கம். மன்னர் தன் கடமையை மீறியதால் அந்தப் பட்டத்துக்கான உரிமை முழுவதையும் இழந்தார், பதவியிலிருந்து இறக்கப்பட்டார் என்று அவர் இல்லாத இடத்தில் எழுதினார்கள். அவருடைய குடும்பத்து ஆண்கள் அனுமதியில்லாமல் மலைநாட்டுக்குள் காலடி வைக்கக் கூடாது என்றும் எழுதினார்கள். ஒப்பமிட்டவர்களில் மாத்தளைத் திசாவ ரத்வத்தையும் ஒருவர். பிரதானிகள் சிலருடைய ஒப்பத்தில் தமிழ் எழுத்துகள் கலந்திருக்கின்றன. தமிழ்க் குடும்பத்து மன்னரை இறக்கும் பத்திரத்தில் தமிழ் எழுத்தில் ஒப்பம். மொழி அந்தக் காலத்தில் இப்போது இருப்பதுபோல வேலியாக இருக்கவில்லை என்பதற்கு இதைவிட வேறு சாட்சி எனக்குத் தெரியவில்லை.

ஆகவே, மகளே, அவர் முடி துறக்கவில்லை. முடி பறிக்கப்பட்டது. இரண்டுக்கும் தமிழில் தனித்தனிச் சொல் இருக்கும்போது நாம் ஒன்றை மற்றதாகச் சொல்லக்கூடாது.

அதன் பிறகு ராஜாவும் கதிரையும் வெவ்வேறு திசையில் கப்பலேறினார்கள்.

மன்னரைக் கொழும்பில் ஒரு வருடத்துக்குக் கொஞ்சம் குறைவாக வைத்திருந்தார்கள். 1816 ஜனவரி 24 அன்று 'கோர்ன்வாலிஸ்' என்ற போர்க்கப்பலில் ராணிகளோடும் உறவினரோடும் ஏற்றிச் சென்னைக்கு அனுப்பினார்கள். கூடப்போன வில்லியம் கிரான்வில் என்ற அதிகாரி அந்தப் பயணத்தைப் பற்றி ஒரு நாட்குறிப்பு எழுதினார். சென்னையிலிருந்து வேலூர்க் கோட்டை. அதற்குப் பத்து வருடம் முந்தி, 1806இல், சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்த அதே கோட்டை. திப்பு சுல்தானின் பிள்ளைகளைக் காவலில் வைத்திருந்ததும் அங்கேதான். அரசிழந்தவர்களை வைப்பதற்கு ஆங்கிலேயர் பழக்கப்படுத்தி வைத்திருந்த இடம். அங்கே ஒரு கட்டிடத்துக்கு இன்றும் கண்டி மகால் என்று பெயர். பதினாறு வருடம் அங்கே இருந்து, 1832 ஜனவரி 30ஆம் திகதி, ஐம்பத்திரண்டாம் வயதில் இறந்தார். தாய்நாட்டிலிருந்து நாடு கடத்தப்பட்டாரா, தாய்நாட்டுக்கே அனுப்பப்பட்டாரா என்று என்னைக் கேட்டால், கண்டி அரண்மனையில் பட்டம் கட்டி வாழ்ந்த ஒருவருக்கு வேலூர் அந்நிய ஊர்தான் என்பேன்.

கதிரை இங்கிலாந்துக்குப் போய்ச் சேர்ந்தது. மன்னரின் நகைகளில் ஒரு பகுதி 1820இல் லண்டனில் ஏலம் போனது. கொடி செல்சி மருத்துவமனையில் மாட்டப்பட்டது. பிற்காலத்தில் ஈ. டபிள்யூ. பெரேரா தேடிக் கண்டுபிடித்தது அதைத்தான். இன்றைய தேசியக் கொடியிலுள்ள சிங்கம் அங்கிருந்து வந்தது. சிம்மாசனம் ஏலத்துக்குப் போகவில்லை. விண்ட்சர் கோட்டைக்குப் போனது. அங்கே அதை மூலையில் போடவில்லை. 'காட்டர்' என்ற தங்கள் உயர்ந்த வீரப்பட்டத்தை வழங்கும் சடங்கில் அதைப் பயன்படுத்தினார்கள். கண்டியில் ஏறக்குறைய நூற்றிருபது வருடம் இருந்த கதிரை, இங்கிலாந்திலும் ஏறக்குறைய நூற்றிருபது வருடம் இருந்தது. செவ்வந்திக் கண்கள் பார்த்த ராஜாக்கள் மாறினார்களே தவிர, அதற்கு முன்னால் முழங்காலிடுவது நிற்கவில்லை.

கதிரை அங்கே இருந்தபோது இங்கே நம் பக்கத்தில் ஒன்று நடந்தது. எனக்கு இந்தக் கதையில் மிகவும் நெருக்கமான பகுதி அதுதான். 1848. ஆளுநர் டொரிங்டன் சனங்கள்மேல் புதுப்புது வரி போட்டார். துப்பாக்கிக்கு வரி, நாய்க்கு வரி, கடைக்கு வரி. வீதி போடுவதற்கு ஆண்கள் வருடத்தில் ஆறு நாள் வேலை செய்ய வேண்டும், இல்லையென்றால் காசு கட்ட வேண்டும். காட்டு விலங்கிடமிருந்து பயிரைக் காக்கத் துப்பாக்கியும் நாயும் வைத்திருந்த சேனைக்காரருக்கு இது நேராகச் சோற்றில் விழுந்த அடி. இந்தப் பக்கத்தில் சேனை வெட்டிப் பயிர் வைத்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. ஜூலை 28ஆம் திகதி தம்புள்ளை விகாரையில் கொங்காலேகொட பண்டா என்பவரைச் சனங்கள் ராஜாவாக்கினார்கள். பட்டம் கட்டி வைத்தவர் விகாரையின் கிரனேகம தேரர். முடிசூட்டு நடந்தது கீர்த்தி ஸ்ரீயின் சிலை நிற்கும் அதே மலையில். ஆனால் உட்காருவதற்கு அந்தச் சிம்மாசனம் இல்லை. அது விண்ட்சரில் இருந்தது.

அங்கிருந்து கூட்டம் மாத்தளைக்கு இறங்கியது. வீர புரன் அப்பு தலைமை தாங்கினார். நீடிக்கவில்லை. ஆகஸ்ட் 8ஆம் திகதி புரன் அப்புவைச் சுட்டுக் கொன்றார்கள். பண்டா செப்டெம்பரில் எல்கடுவையில் பிடிபட்டார். மரண தண்டனையை மாற்றி நூறு கசையடி கொடுத்து மலாக்காவுக்கு அனுப்பினார்கள். அடுத்த வருடமே அங்கே இறந்தார். கண்டி ராஜாவை வேலூருக்கு அனுப்பியதுபோல, தம்புள்ளை ராஜாவை மலாக்காவுக்கு. இவரும் துறக்கவில்லை. டொரிங்டனும் 1850இல் திருப்பி அழைக்கப்பட்டார்.

கதிரை திரும்பியது 1934இல். பிரித்தானிய மன்னர் ஐந்தாம் ஜோர்ஜ் அதைத் திருப்பிக் கொடுக்க இணங்கினார். அவருடைய மூன்றாவது மகன் ஹென்றி, குளொஸ்டர் கோமகன், ஆஸ்திரேலியா போகும் வழியில் செப்டெம்பர் மாதம் இலங்கையில் இறங்கி, கண்டியில் வைத்துச் சிம்மாசனத்தையும் முடியையும் ஒப்படைத்தார். மகுல் மடுவவில் பறிபோனது மகுல் மடுவவிலேயே திரும்பி வந்தது. அது திரும்பிய நாடு பழைய நாடு இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். 1931இல் இலங்கையில் இருபத்தொரு வயதான ஆண் பெண் எல்லோருக்கும் வாக்குரிமை வந்துவிட்டது. ஆசியாவில் அதுதான் முதல் தடவை. சிம்மாசனம் திரும்பி வந்தபோது அதில் உட்கார யாரும் தேவைப்படவில்லை. கொழும்பு நூதனசாலைக்குப் போனது. 1877 புதுவருட நாளில் திறந்த அந்தக் கட்டிடத்தைக் கட்டியவர் வாப்பிச்சி மரைக்கார் என்ற கொழும்பு முஸ்லிம் ஒப்பந்தகாரர். என் மாணவிகளில் பலருக்குச் சிம்மாசனத்தைவிட அந்தத் தகவல்தான் பெருமையாக இருக்கும்.

இனி வருவது நான் படித்தபோது புத்தகத்தை மூடிவைத்துவிட்டு யோசித்த விஷயம்.

கண்டிக்கு இந்தக் கதிரையைக் கொண்டுவந்து கொடுத்த அதே ஹென்றி, இரண்டு வருடம் கழித்து இன்னொரு சிம்மாசனக் காரியத்தில் கையெழுத்திட்டார். 1936 ஜனவரியில் ஐந்தாம் ஜோர்ஜ் இறந்தார். மூத்த மகன் எட்டாம் எட்வேர்ட் மன்னரானார். 1922இல் இளவரசராக இலங்கைக்கு வந்து போனவர் அவர். விவாகரத்துப் பெற்ற அமெரிக்கப் பெண்மணி வாலிஸ் சிம்ப்சனை மணக்க விரும்பினார். அமைச்சரவை இணங்கவில்லை. டிசெம்பர் 10ஆம் திகதி, விண்ட்சர்ப் பூங்காவுக்குள் இருக்கும் பெல்வெடியர் மாளிகையில், முடி துறக்கும் பத்திரத்தில் ஒப்பமிட்டார். சாட்சிக் கையெழுத்து வைத்தவர்கள் மூன்று தம்பிமார்: அல்பேர்ட், ஹென்றி, ஜோர்ஜ். மறுநாள் இரவு வானொலியில் எட்வேர்ட் சனங்களிடம் விடைபெற்றுப் பேசியதும் விண்ட்சர் கோட்டையிலிருந்துதான். இரண்டு வருடத்துக்கு முந்திவரை கண்டிச் சிம்மாசனம் இருந்த கோட்டை. மன்னராக அவர் இருந்தது பதினொரு மாதம்கூட நிறையவில்லை. முடிசூட்டு விழாவே நடக்கவில்லை.

இதே காரணத்துக்காக நம் தமிழ்நாட்டில் ஒரு மன்னர் இதற்கு முன்பே ஒதுங்கியிருந்தார். புதுக்கோட்டைத் தொண்டைமான் மார்த்தாண்ட பைரவர் 1915இல் மெல்பேர்னில் மொலி ஃபிங்க் என்ற ஆஸ்திரேலியப் பெண்ணை மணந்தார். அந்த மணத்தை ஆங்கிலேயர் ஏற்கவில்லை. சில வருடங்களில் ஆட்சியை விட்டுக்கொடுத்துவிட்டு வெளிநாட்டில் வாழ்ந்து 1928இல் பாரிஸில் இறந்தார். அவர் கதை தனியாக எழுத வேண்டியது.

எட்வேர்டின் பத்திரத்தையும் 1815 உடன்படிக்கையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஒன்றில் இறங்குபவர் தானே ஒப்பமிடுகிறார், தம்பிமார் சாட்சி. நல்லதோ கெட்டதோ, அது அவர் எடுத்த முடிவு. அதற்குப் பிறகு கோமகன் பட்டமும் காசும் கிடைத்தன. மற்றதில் இறங்குபவர் கட்டுண்டு கிடக்கிறார், ஒப்பம் மற்றவர்களுடையது. அவருடைய பிள்ளைகளும் நாட்டுக்குள் வரக்கூடாது. பாடப் புத்தகங்களிலும் மேடைகளிலும் கண்டியின் கடைசி மன்னர் 'ஆட்சியைக் கைவிட்டார்', 'ராஜ்ஜியத்தை ஒப்படைத்தார்' என்று யாராவது எழுதும்போதும் பேசும்போதும் எனக்கு அதனால்தான் பொறுக்கமுடிவதில்லை. அவர் கொடுமை செய்தவர் என்று எழுதுங்கள், அது உண்மை. கொடுத்துவிட்டுப் போனார் என்று எழுதாதீர்கள்.

1972 மே 22ஆம் திகதி இலங்கை குடியரசானது. அன்றோடு இந்த நாட்டில் ராஜா, ராணி என்ற பதவியே இல்லாமல் போனது. இரண்டாம் எலிசபெத் இலங்கைக்கும் ராணியாக இருந்தவர். அவரும் இங்கே முடி துறக்கவில்லை. சனங்களின் பிரதிநிதிகள் எழுதிய அரசியலமைப்பில் அந்த இடம் இல்லாமல் போனது, அவ்வளவுதான். அன்றைக்கும் கண்டிக் கதிரை கொழும்பில் தன் கண்ணாடிப் பெட்டிக்குள்தான் இருந்தது.

வேலூரில் பாலாற்றங்கரையில் மன்னரின் நினைவிடத்தில் தமிழ்நாடு அரசு 1990இல் முத்து மண்டபம் கட்டியது. நம் நாட்டிலிருந்து வருடந்தோறும் எத்தனையோ பேர் வைத்தியத்துக்காக வேலூருக்குப் போகிறார்கள். கலேவெலயிலிருந்தும் மாத்தளையிலிருந்தும் போகிறார்கள். அறை எடுத்து, துண்டு காட்டி, முறைக்காக நாள்கணக்கில் காத்திருப்பார்கள். அப்படிக் காத்திருக்கும் ஒரு மாலை நேரத்தில் ஓட்டோ பிடித்துப் பாலாற்றங்கரைக்கு ஒருமுறை போய்வாருங்கள். மாத்தளை, உக்குவெல, றத்தொட்டைப் பக்கத்து ஆசிரியர்களிடமும் ஒன்று கேட்கிறேன். அடுத்த சுற்றுலாவில் மிருகக்காட்சிசாலைக்கு முன் நூதனசாலைக்கு ஒரு மணித்தியாலம் ஒதுக்குங்கள். அந்தச் சிங்கங்களின் கண்களைப் பிள்ளைகள் கிட்டப்போய்ப் பார்க்கட்டும். ராஜா எங்கே என்று யாராவது ஒரு பிள்ளை கேட்டால், என்னைப்போல இரண்டு நிமிடத்தில் முடித்துவிடாதீர்கள்.